பொறாமையும் பொம்மையும்: மௌனப்பட நகைச்சுவையில் மணவாழ்வு பற்றி ஒரு நோக்கு

1

மணவாழ்வில் எழும் பொறாமை, இலக்கிய வரலாற்றில் பெரும்பாலும் துன்பியலுக்குரிய பொருளாகவே கருதப்பட்டு வந்துள்ளது. ஒரு கைக்குட்டையைச் சான்றாகக் கொண்டு தன் மனைவியைக் கொன்ற ஒதெல்லோவை நாம் அறிவோம். அவனது வீழ்ச்சியிற் கவித்துவமும் கம்பீரமும் உள்ளன. ஆயின், அதே உணர்ச்சியை இருபதாம் நூற்றாண்டின் முதல் மூன்று தசாப்தங்களில் அமெரிக்க மௌனப்படங்கள் முற்றிலும் வேறொரு கோலத்திற் காட்டின. அங்கு சந்தேகங்கொண்ட கணவன் கம்பீரமாக வீழ்வதில்லை, தடுக்கி விழுகிறான். அவனது கோபம் இலக்குத் தவறி நாற்காலியின் மீதோ, பொலிஸ்காரனின் மீதோ, சிலவேளைகளில் தன்மீதோ சென்று முடிகின்றது.

இத்தகைய படங்களை ஆய்வுக்குரிய பொருளாகக் கொள்வதில் நம்மிடையே ஒரு தயக்கம் இருந்து வந்துள்ளது. இலக்கியத் தூய்மை பேணுவோர் இவற்றை வெறுங் கூத்தென ஒதுக்குவர். முற்போக்கு நோக்குடையோருட் சிலர் இவற்றை முதலாளித்துவப் பொழுதுபோக்குத் துறையின் போதைப்பொருளெனக் கூறி அமைவர். முடிவுகள் வேறாயினும் இவ்விரு சாராரும் செய்வது ஒன்றே: படத்தைப் பாராமலே தீர்ப்புக் கூறுதல்.

இக்கட்டுரை, மணவாழ்வையும் பொறாமையையும் பொருளாகக் கொண்ட இரு குறும்படங்களை எடுத்து நோக்குகின்றது. ஒன்று, 1914ஆம் ஆண்டு யூன் மாதம் கீஸ்ரோன் நிறுவனம் வெளியிட்ட 'மேபல்ஸ் மரீட் லைஃப்' (மேபலின் மணவாழ்வு). மற்றையது, 1926ஆம் ஆண்டு யூலை மாதம் ஹால் றோச் நிறுவனத்திலிருந்து வெளிவந்த 'மைற்றி லைக் எ மூஸ்'. இவ்விரு படங்களிலும் கணவன் ஓர் எதிரியோடு சண்டையிடுகிறான். இரண்டிலும் அந்த எதிரி இல்லை. முதலாவதில் எதிரி ஒரு பொம்மை. இரண்டாவதில் எதிரி அக்கணவனே. எதிரியின் இந்த இன்மைதான் பொறாமை என்ற உணர்ச்சியைப் பற்றி இப்படங்கள் கண்டறிந்த உண்மையாகும் என்பதும், அவ்வுண்மையைக் கண்டும் அதற்கப்பால் அவை செல்ல முடியாமற்போனமைக்குச் சமூகக் காரணங்கள் உள என்பதும் இங்கு நிறுவ முயலப்படும் கருத்துக்களாம்.

2

அடிதடி நகைச்சுவைக்கு ஆங்கிலத்தில் வழங்கும் 'சிலப்ஸ்ரிக்' என்னும் பெயர் ஒரு கருவியின் பெயரே. இத்தாலிய மரபுவழி முகமூடி நாடகமாகிய 'கொமேடியா டெல் ஆர்ட்டே'யில் நடிகர்கள் கையிற் கொண்டிருந்த, இரு மரப்பட்டிகள் இணைந்த கோல் அது. அதனால் அடிக்கும்போது ஓசை பெரிதாக எழும். வலி சிறிதாகவே இருக்கும். இக்கலை வடிவத்தின் அடிப்படை விதி இக்கருவியிலேயே அடங்கியுள்ளது எனலாம். வன்முறை காட்டப்படுகிறது, அதன் விளைவு நீக்கப்படுகிறது. மௌனப்படம் அந்த ஓசையையும் நீக்கிவிட்டு அசைவை மாத்திரம் எஞ்சவிட்டது.

இச்சிரிப்பின் இயல்பு பற்றி மூன்று கருத்துக்கள் கவனத்திற்குரியன. பிரெஞ்சுத் தத்துவஞானி ஹென்றி பேர்க்சோன் 1900இல் வெளியிட்ட நூலில், உயிருள்ள மனிதன் இயந்திரம்போல நடந்துகொள்ளும்போதே நாம் சிரிக்கிறோம் என விளக்கினார். வோல்ரர் பெஞ்சமின் 1936இல் வெளிவந்த தமது புகழ்பெற்ற கட்டுரையில், பிக்காசோவின் ஓவியத்தின் முன் பிற்போக்காக நடந்துகொள்ளும் வெகுசனங்கள், சப்ளினின் படத்தின் முன் முற்போக்காளராகி விடுகின்றனர் என்றார். அவரது நண்பரான தியோடோர் அடோர்னோ அதே ஆண்டில் அவருக்கு எழுதிய கடிதத்தில் இதனை மறுத்து, திரையரங்கில் எழும் சிரிப்பிற் புரட்சித்தன்மை ஏதுமில்லை, அதிற் பூர்சுவாக் குரூரமே நிறைந்துள்ளது என வாதிட்டார்.

பேர்க்சோனின் விளக்கம் சிரிப்பின் வடிவத்தைத் தெளிவாக்குகின்றது, வரலாற்றை விளக்கவில்லை. மனிதன் எவ்வெக்காலத்தில், எவ்வெத் துறையில், எதனால் இயந்திரமாகிறான் என்பது அவர் எழுப்பாத வினா. பெஞ்சமின் - அடோர்னோ விவாதமோ சிரிப்பைப் பொதுவாக எடுத்துக்கொண்டு ஒருவர் சார்பாகவும் மற்றவர் எதிராகவும் பேசியதாக அமைகின்றது. குறிப்பிட்ட ஒரு படத்தில் எவர் எவரைப் பார்த்துச் சிரிக்கிறார், எவருக்கு உண்மை தெரியும், எவருக்குத் தெரியாது என்று வினவும்போது இவ்விருவரும் பகுதியளவில் உண்மை கூறியுள்ளமை புலனாகும்.

3

1912இல் மக் செனற் என்பவரைத் தலைமையாகக் கொண்டு தொடங்கப்பட்ட கீஸ்ரோன் நிறுவனம், லொஸ் ஏஞ்சல்ஸ் நகரின் ஈடன்டேல் பகுதியில் இயங்கியது. ஒரு சுருள், இரு சுருள் நீளமான நகைச்சுவைப் படங்களைத் தொழிற்சாலை வேகத்தில் அது தயாரித்தது. 1905இல் பிற்ஸ்பேர்க் நகரில் தொடங்கி நாடெங்கும் பரவிய ஐந்து சதக் கொட்டகைகளே இத்தகைய படங்களுக்கான பார்வையாளரை உருவாக்கியிருந்தன. தொழிலாளரும், ஆங்கிலம் நன்கறியாத குடியேறிகளும் அப்பார்வையாளருட் பெருந்தொகையினராக இருந்தனர். பேச்சில்லாத கலை அவர்களுக்கு மொழித்தடை இல்லாத கலையாக அமைந்தது.

இக்காலத்தில் அமெரிக்கத் தொழிலாளியின் மணவாழ்வு அவனது சொந்த விடயமாக மட்டும் இருக்கவில்லை. 1914 சனவரியில் ஹென்றி ஃபோர்ட் தமது ஹைலண்ட் பார்க் மோட்டார்த் தொழிற்சாலையில் நாளொன்றுக்கு ஐந்து டொலர் வருமானம் என்ற திட்டத்தை அறிவித்தார். முந்திய ஆண்டிலேதான் அங்கு நகரும் பொருத்துவரிசை நடைமுறைக்கு வந்திருந்தது. ஐந்து டொலர் என்பது எல்லோருக்கும் நிபந்தனையின்றிக் கிடைத்ததன்று. மனைவி மக்களோடு வாழ்ந்து அவர்களைப் பேணும் ஆண் அதற்கு உரியவனாகக் கருதப்பட்டான். நிறுவனத்தின் சமூகவியற் பிரிவைச் சேர்ந்த விசாரணையாளர் தொழிலாளரின் வீடுகளுக்குச் சென்று, அவர்கள் குடிக்கிறார்களா, சேமிக்கிறார்களா, ஒழுங்கான குடும்பம் நடத்துகிறார்களா என்று விசாரித்தனர்.

இத்தாலியச் சிறையிலிருந்து அந்தோனியோ கிராம்சி 1934இல் எழுதிய 'அமெரிக்கவியமும் ஃபோர்டியமும்' என்ற குறிப்புக்கள் இதன் உட்பொருளை ஆராய்ந்தன. புதிய கைத்தொழில் முறைக்கு ஒருதார மணமும் நிலையான பாலியல் உறவும் தேவைப்படுகின்றன. தொழிலாளி தனது நரம்புச் சக்தியை ஒழுங்கற்ற இன்பத் தேட்டத்தில் விரயமாக்காது இயந்திரத்தின் முன் செலவிட வேண்டுமென அது எதிர்பார்க்கின்றது என்பது அவர் வாதம். இதனை எங்கெல்ஸ் 1884இல் வெளியிட்ட 'குடும்பம், தனிச்சொத்து, அரசு ஆகியவற்றின் தோற்றம்' என்ற நூலோடு இணைத்து நோக்குதல் வேண்டும். ஒருதார மணம் காதலின் கனியாகத் தோன்றியதன்று. சொத்துக்கு ஐயத்திற்கிடமற்ற வாரிசுகளைப் பெறும் தேவையிலிருந்து தோன்றியது. எனவே நடைமுறையில் அது பெண்ணுக்கு மாத்திரமே ஒருதார மணமாக இருந்து வந்துள்ளது என அவர் காட்டினார்.

இங்கு ஒரு நியாயமான வினா எழுகின்றது. சொத்தே பொறாமையின் வேர் எனில், சொத்தில்லாதவன் ஏன் பொறாமை கொள்கிறான்? பாட்டாளி வர்க்கத்திடையே ஆணாதிக்கத்தின் பொருளியல் அடித்தளம் அகன்றுவிட்டதென எங்கெல்ஸும் கருதினார். ஆயினும், அடித்தளம் அகன்ற இடத்திலும் கருத்துநிலை எஞ்சி நிற்பதுண்டு. வேறெதற்கும் உரிமையாளனாக இல்லாதவன், 'என் மனைவி' என்ற சொல்லிலேனும் உரிமையாளனாக இருக்க விழைகிறான். கீஸ்ரோன் படம் சரியாக இவ்விடத்திலேயே கைவைக்கின்றது.

4

'மேபலின் மணவாழ்வு' ஒரு சுருட் படம். சார்ளி சப்ளின் இயக்கியது. அவரும் மேபல் நோர்மண்டும் இணைந்து எழுதியது. கணவனாகச் சப்ளினும் மனைவியாக நோர்மண்டும் நடித்தனர். கதை மிக எளியது. ஒரு பொதுப் பூங்காவிற் கணவனும் மனைவியும் இருக்கின்றனர். கணவன் மதுச்சாலையை நாடிச் செல்கிறான். தனித்திருக்கும் மனைவியை மக் சுவெய்ன் நடித்த ஒரு பருத்த மனிதன் வந்து சல்லாபத்திற்கு இழுக்கிறான். திரும்பிவந்த கணவன் இதனைக் கண்டு ஆத்திரமுற்று அவனை உதைக்கிறான். மீண்டும் மீண்டும் உதைக்கிறான். அந்தப் பருத்த உடம்பு அதனை ஒரு பொருட்டாகக் கொள்ளவில்லை.

உதைக்கப்பட்டவன் திருப்பி அடித்திருந்தால், அது இரு ஆண்களுக்கிடையிலான மோதலாக இருந்திருக்கும். தோற்றாலும் கணவனுக்கு ஒரு தகுதி கிடைத்திருக்கும். உதை உணரப்படவே இல்லை என்பதில், தன் உரிமையை நிலைநாட்ட முயலும் கணவன் உரிமையாளனாக அங்கீகரிக்கப்படாமலே போகிறான். சிரிப்பு இந்த அங்கீகாரமின்மையிலிருந்து எழுகின்றது.

இதன் பின்னர் மேபல் செய்வதே படத்தின் மையமாகும். தன் கணவனின் உடல் வலிமையின்மையைக் கண்ட அவள், விளையாட்டுப் பொருட் கடையில் ஒரு குத்துச்சண்டைப் பயிற்சிப் பொம்மையை வாங்கி வீட்டுக்கு வருவிக்கிறாள். ஆளுயரமான அப்பொம்மை, அடித்தாற் சாய்ந்து மீண்டும் நிமிர்ந்து வரும் இயல்புடையது. நமது தலையாட்டிப் பொம்மையின் பெருவடிவம் எனலாம். குடிபோதையில் வீடு திரும்பும் கணவன், அரையிருளில் நிற்கும் அப்பொம்மையைப் பூங்காவிற் கண்ட எதிரியென எண்ணுகிறான். வெளியேறும்படி அதட்டுகிறான், வாதாடுகிறான், அடிக்கிறான். பொம்மை சாய்ந்து, நிமிர்ந்து, அவனை அடித்து வீழ்த்துகின்றது. அவன் எவ்வளவு பலமாக அடிக்கிறானோ அவ்வளவு பலமாக அது திருப்பி அடிக்கின்றது.

பேர்க்சோனின் விதி இங்கு தலைகீழாக வருவதைக் காணலாம். இயந்திரமாக நடந்துகொள்பவன் மனிதன். மனிதன் போல மரியாதை பெறுவது இயந்திரம். எனினும் அதிலும் முக்கியமானது, பொம்மைக்குத் தனக்கென ஒரு பலமும் இல்லை என்பதாகும். அது கணவனின் பலத்தையே அவனுக்குத் திருப்பிக் கொடுக்கின்றது. பொறாமை கொண்டவனை வருத்துவது வெளியிலிருந்து வந்த எதிரியன்று. அவனது சொந்த ஆத்திரமே என்பதை ஒரு வசனமும் இன்றி, ஒரு பொறியமைப்பினாற் படம் நிறுவி விடுகின்றது.

உண்மை எவ்வாறு பங்கிடப்பட்டுள்ளது என்பதும் நோக்கத்தக்கது. அது பொம்மை என்பது மேபலுக்குத் தெரியும், பார்வையாளருக்கும் தெரியும், கணவனுக்கு மாத்திரம் தெரியாது. ஒதெல்லோவில் மனைவி அறியாத ஒரு சூழ்ச்சியின் நடுவே கணவன் அவள்மீது தீர்ப்புக் கூறுகிறான். இங்கு மனைவி அறிந்த ஒன்றின் நடுவே கணவன் உருள்கிறான். பார்வையாளரின் நோக்குநிலை மனைவியின் நோக்குநிலையோடு ஒன்றிவிடுகின்றது. பொம்மையை வாங்கியவளும் அவளே. இறுதியில் அது வெறும் பொம்மை என்று காட்டுபவளும் அவளே.

நோர்மண்ட் இப்படத்தில் வெறும் கதாநாயகியாக மட்டும் இருக்கவில்லை என்பதை இங்கு நினைவிற்கொள்ளுதல் வேண்டும். அவர் அக்காலத்திற் படங்களை இயக்கிய நடிகை. கீஸ்ரோனில் அவர் இயக்கிய 'மேபல் அற் த வீல்' என்ற படத்தின்போது, அவரது கட்டளைகளை ஏற்க மறுத்துப் புதியவரான சப்ளின் முரண்பட்டதனைச் சப்ளினே தமது சுயசரிதையிற் பதிவு செய்துள்ளார். சில மாதங்களின் பின் இருவரும் இணைந்து உருவாக்கிய இப்படத்தில், பெண்ணின் முயற்சி கதையை நகர்த்துவதும் ஆணின் வீறாப்பு பொம்மையால் வீழ்த்தப்படுவதும் தற்செயலானவை எனக் கொள்வதற்கில்லை.

5

இதிலிருந்து பன்னிரண்டு ஆண்டுகள் கடந்து நாம் அடுத்த படத்திற்கு வருகிறோம். இக்கால இடைவெளியில் அமெரிக்கச் சமூகமும் திரைப்படத் துறையும் பெரிதும் மாறிவிட்டன. முதலாம் உலகப்போர் முடிந்திருந்தது. 1920இல் அரசியலமைப்பின் பத்தொன்பதாந் திருத்தத்தால் வாக்குரிமை பாலடிப்படையில் மறுக்கப்படக் கூடாதென்றாயிற்று. ஐந்து சதக் கொட்டகைகளின் இடத்தை மாளிகை போன்ற திரையரங்குகள் பிடித்துக்கொண்டன. மத்தியதர வர்க்கக் குடும்பங்கள் அவற்றுக்கு வரத் தொடங்கின. தவணைமுறைக் கொள்வனவும் விளம்பரமும் வீட்டு வாழ்க்கையை நுகர்வின் களமாக மாற்றின.

உடலும் இந்நுகர்வுக்கு விலக்காகவில்லை. போரில் முகஞ் சிதைந்த வீரர்களுக்குச் சிகிச்சையளிப்பதில் ஹரோல்ட் கில்லீஸ் முதலான வைத்தியர்கள் வளர்த்தெடுத்த சத்திரசிகிச்சை நுட்பங்கள், போரின் பின்னர் அழகைக் கூட்டும் சேவையாகச் சந்தைக்கு வந்தன. 1921இல் அற்லான்ரிக் சிற்றி நகரில், பின்னர் 'மிஸ் அமெரிக்கா' எனப் பெயர்பெற்ற அழகுராணிப் போட்டி தொடங்கியது. 1923இல் புகழ்பெற்ற மேடை நடிகையான ஃபனி பிறைஸ் தமது மூக்கைச் சத்திரசிகிச்சையால் மாற்றிக்கொண்டமை பத்திரிகைகளிற் பரபரப்பான செய்தியாயிற்று. விலைகொடுத்தால் வேறொரு முகம் பெறலாம் என்பது ஒரு நம்பிக்கையாக மட்டுமன்றி ஒரு வற்புறுத்தலாகவும் மாறியது.

நகைச்சுவையும் பூங்காவிலிருந்து வீட்டுக்குள் குடிபெயர்ந்தது. ஹால் றோச் நிறுவனம் துரத்தலையும் உதைத்தலையும் குறைத்து, கதைப் பின்னலுக்கும் குடும்பச் சூழலுக்கும் முதன்மை கொடுத்தது. அதன் முக்கிய இயக்குநராக விளங்கிய லியோ மக்கறி சட்டம் பயின்று வழக்கறிஞர் தொழிலில் வெற்றிபெறாதவர். பின்னாளில், 1937இல், மணமுறிவையும் சந்தேகத்தையும் பொருளாகக் கொண்ட 'த ஓஃபுல் ட்ரூத்' என்ற பேசும்படத்தை இயக்கியவர். நடிகர் சார்ளி சேஸ் 1914இற் கீஸ்ரோனிற் சிறு வேடங்களில் நடித்து அங்கு தொழில் கற்றவர். எனவே, இரு படங்களுக்கும் இடையில் நேரடியான தொழில்வழி மரபொன்றும் உண்டு.

6

'மைற்றி லைக் எ மூஸ்' இரு சுருட் படம். பெருமூஞ்சியுடைய மானினமாகிய மூஸின் பெயரையே அதில் வரும் தம்பதியர் குடும்பப்பெயராகக் கொண்டுள்ளனர். சார்ளி சேஸ் நடிக்கும் கணவனுக்கு முன்தள்ளிய பற்கள். விவியன் ஓக்லண்ட் நடிக்கும் மனைவிக்கு மிகப் பெரிய மூக்கு. ஒருவருக்கொருவர் தெரியாமல், ஒரே நாளில், கணவன் பல்லையும் மனைவி மூக்கையும் திருத்திக்கொள்கின்றனர். திருத்திய முகங்களோடு சந்திக்கும் இருவரும் ஒருவரையொருவர் அடையாளங்காணவில்லை. பரஸ்பரம் கவரப்பட்டு அன்றிரவு விருந்தொன்றுக்குச் செல்ல உடன்படுகின்றனர். இருவரும் ஆயத்தஞ் செய்வதற்குத் தத்தம் வீட்டுக்கு வருகின்றனர். அது ஒரே வீடு. ஒருவர் அறையை விட்டு நீங்கும் கணத்தில் மற்றவர் நுழைய, தமது 'பழைய' துணையின் கண்ணிற் படாமல் தப்பிக்கொள்வதாக எண்ணி இருவரும் ஒளித்துத் திரியும் காட்சி மௌனப்படக் கலையின் உச்சங்களில் ஒன்று.

மணவுறவின் அந்நியமாதலுக்கு இதைவிடச் சுருக்கமான படிமம் கிடைத்தல் அரிது. ஒரே கூரையின் கீழ் வாழும் இருவர் ஒருவரையொருவர் ஒரு பல்லாகவும் ஒரு மூக்காகவுமே அறிந்திருந்தனர். குறையெனக் கருதப்பட்ட அவ்வுறுப்பு நீங்கியதும் எஞ்சியிருந்த ஆள் முற்றிலும் அந்நியராகி விடுகிறார். மேலும், அவர்கள் விரும்புவது புதிதாக வந்த ஒருவரையன்று. பணங்கொடுத்து வாங்கிய ஒரு முகத்தை. மணவாழ்விற் காணாத ஆசையை அதே துணையின் சந்தைப்பதிப்பிற் காண்கின்றனர்.

படத்தின் பிற்பகுதி பொறாமையைப் பற்றியது. தன்னோடு விருந்துக்கு வந்தவள் தன் மனைவியே என்பதைக் கணவன் முதலிற் கண்டுகொள்கிறான். அவன் என்ன செய்திருக்கலாம்? இருவரும் ஒரே தவறைச் செய்தவர்கள். உண்மையிற் பார்த்தால் ஒருவருக்கொருவர் துரோகஞ் செய்யாதவர்களுங்கூட. சிரித்துவிட்டு உண்மையைக் கூறியிருக்கலாம். அவனோ மனைவிக்குப் பாடம் புகட்டத் துணிகிறான். பொய்ப் பற்களை அணிந்து, வஞ்சிக்கப்பட்ட பழைய கணவனாக வந்து அவளைக் கண்டிக்கிறான். பின்னர் அந்தக் கணவனும் புதிய காதலனும் பொருதுவதாக ஒரு சண்டையை நடத்துகிறான். ஒரு வாயிலால் ஓடி மறைந்து, கோலம் மாற்றி, மறு வாயிலால் வந்து, தன்னைத் தானே அடித்து, தானே விழுந்து, தானே வெல்கிறான். இருவரும் ஒருசேர ஒருபோதும் தோன்றுவதில்லை, தோன்றவும் முடியாது. மனைவி அஞ்சி நடுங்கிக்கொண்டு பார்த்திருக்கிறாள்.

இரட்டை ஒழுக்கம் என்பது பொதுவாக ஒரு கருத்தாகவே பேசப்படுவது. இங்கு அது உடலசைவாக வடிவம் பெறுகின்றது. தவறிழைத்தவனும் தீர்ப்பளிப்பவனும் ஒரே ஆள். வேறுபாடு ஒரு சோடிப் பொய்ப் பற்களே. கற்பின் பெயரால் மனைவியைக் கண்டிக்கும் ஆணின் உரிமை எங்கிருந்து வருகின்றது என்ற வினாவுக்குப் படம் தரும் விடை, அது ஒரு வேடம் என்பதாகும்.

7

இரு படங்களையும் ஒப்புநோக்குமிடத்து ஒற்றுமையும் வேற்றுமையும் தெளிவாகின்றன. ஒற்றுமை, முன்னரே கூறியவாறு, எதிரியின் இன்மை. பொறாமையைப் பெண்ணொருத்திக்காக இரு ஆண்கள் பொருதுவதாகவே மரபுவழி இலக்கியங்கள் பெரிதும் காட்டின. இப்படங்களோ எதிரியை அகற்றிவிட்ட பின்னரும் பொருதல் குறைவின்றித் தொடர்வதைக் காட்டுகின்றன. எனவே, பொறாமைக்கு எதிரி தேவையில்லை. உடைமை மனோபாவம் ஒன்றே போதுமானது. எதிரி இல்லாவிடத்து அது எதிரியைச் செய்துகொள்கின்றது.

வேற்றுமை உண்மையின் பங்கீட்டில் உள்ளது. 1914இல் உண்மை மனைவியிடம் இருந்தது, அறியாதவன் கணவன். 1926இல் இருவரும் அறியாதவர்களாகத் தொடங்குகின்றனர். அறிவு முதலிற் கணவனைச் சென்றடைகின்றது. அறிந்தவுடன் அவன் அதனை மனைவிக்கெதிரான கருவியாக்குகிறான். மனைவி தன் கண்முன் நடப்பதை நம்பி அஞ்சும் பார்வையாளராகி விடுகிறாள். 1914இற் பொம்மையைக் கொண்டுவந்தவள் பெண். 1926இற் பொம்மலாட்டத்தை நடத்துபவன் ஆண். இறுதியில் அவனது ஏமாற்றும் வெளிப்பட்டுவிடுகிறதெனினும், படத்தின் பெரும்பகுதியில் நாம் சிரிப்பது அவனோடு கூடியே.

வாக்குரிமையும் புதிய முகமும் பெற்ற பெண், திரைக்கதைக்குள் முன்னையவளிலும் முன்முயற்சி குன்றியவளாகத் தோன்றுவது முரண்பாடுபோலத் தெரியும். ஆயின், நுகர்வோராகப் பெறும் சுதந்திரமும் தன் வாழ்வை ஆக்குபவராகப் பெறும் சுதந்திரமும் ஒன்றல்ல. முன்னையது விரிந்துகொண்டே செல்ல, பின்னையது சுருங்குவதற்கும் இடமுண்டு. இரு படங்களை மாத்திரங் கொண்டு ஒரு யுகத்தையே அளந்துவிட முடியாது. எனினும் இவை காட்டும் திசை சிந்தனைக்குரியது.

பெஞ்சமினும் அடோர்னோவும் கூறியவற்றை இப்போது மீளநோக்கலாம். உடைமையாளனின் வீறாப்பை அவனது மனைவியின் நிலையில் நின்று பார்த்துச் சிரிக்கும்போது, அச்சிரிப்பில் விமர்சனம் உண்டு. மனைவியின் அச்சத்தைக் கணவனின் நிலையில் நின்று பார்த்துச் சிரிக்கும்போது, அடோர்னோ குறிப்பிட்ட குரூரம் அதனுள் நுழைந்துவிடுகின்றது. ஒரே படத்திலேயே இரண்டும் கலந்திருத்தல் கூடும். முற்போக்கோ பிற்போக்கோ சிரிப்பின் இயல்பன்று. அது எவ்விடத்தில் நின்று எழுகின்றது என்பதைப் பொறுத்தது.

8

திரைக்கு வெளியே நிகழ்ந்ததும் இவ்வாய்வுக்குப் புறம்பானதன்று. 1922இல் இயக்குநர் வில்லியம் டெஸ்மன்ட் ரெயிலர் கொலையுண்டபோது, அன்று மாலை அவரைச் சந்தித்துச் சென்றவர் என்பதால் மேபல் நோர்மண்டின் பெயர் பத்திரிகைகளில் அடிபட்டது. கொலைக்கும் அவருக்கும் தொடர்பு எதுவும் நிறுவப்படவில்லை. 1924இல் அவரது வாகனச் சாரதி வேறொருவரைச் சுட்டுக் காயப்படுத்திய சம்பவமும் அவர் தலையிலேயே சுமத்தப்பட்டது. ஒழுக்கத்தின் காவலராகத் தம்மை வரித்துக்கொண்டோர் அவரது படங்களைப் புறக்கணிக்குமாறு கோரினர். இதே காலத்தில், 1922இல், படத்துறை முதலாளிகள் வில் ஹேஸ் என்பவரைத் தலைவராகக் கொண்டு தமக்கென ஓர் ஒழுக்கக் காப்பு அமைப்பையும் நிறுவிக்கொண்டனர். முதலீட்டைக் காப்பதற்கு ஒழுக்கம் தேவைப்பட்டது.

1926இல் நோர்மண்ட் மீண்டும் நடிக்க வந்தது ஹால் றோச் நிறுவனத்திலேயே. 1927இல் அவர் நடித்த 'ஷுட் மென் வோக் ஹோம்' என்ற குறும்படத்தை இயக்கியவரும் மக்கறியே. ஆயினும் அம்மீள்வருகை நீடிக்கவில்லை. 1930இற் காசநோயால் அவர் காலமானார். மணவாழ்வின் போலி ஒழுக்கத்தைப் பொம்மையொன்றின் துணையோடு நகையாடிய ஒருவர், அதே ஒழுக்கத்தின் பெயரால் ஒதுக்கப்பட்டார் என்பதை நாம் மறத்தலாகாது. திரையில் விளைவற்றதாகக் காட்டப்பட்ட அடி, திரைக்கு வெளியே விளைவற்றதாக இருக்கவில்லை.

9

இரு படங்களும் சமாதானத்தில் முடிவன. பொம்மை பொம்மையென்று தெரிந்தபின், வேடம் வேடமென்று தெரிந்தபின், கணவனும் மனைவியும் அதே வீட்டிலேயே எஞ்சுகின்றனர். நோய் காட்டப்பட்டது; நோயாளி வீட்டுக்கு அனுப்பப்பட்டான். நகைச்சுவையின் மரபுவழி முடிவே அது என்று அமைதி காணலாம். ஆனால் வேறு முடிவு அக்காலத்திற் சாத்தியமே அற்றதன்று. 1927இற் சோவியத் ஒன்றியத்தில் ஏப்ரம் றூம் இயக்கிய 'மூன்றாம் மெஷ்சான்ஸ்காயா தெரு' என்ற மௌனப்படத்தில், மொஸ்கோவின் வீட்டுப் பற்றாக்குறையால் ஓரறையில் வாழ நேர்ந்த இரு ஆண்களுக்கும் ஒரு பெண்ணுக்கும் இடையில் இதே பொறாமை நகையும் துயருமாக எழுகின்றது. கருவுற்ற அப்பெண் இறுதியில் இருவரையும் விட்டு நீங்கிப் புகையிரதமேறிச் செல்கிறாள். அவள் அடையும் எதிர்காலம் எத்தகையது என்பதைப் படம் கூறவில்லை. ஆயினும் வாயில் திறந்திருந்தது.

அமெரிக்கப் படங்களில் வாயில்கள் பல இருந்தன. அவை யாவும் மீண்டும் அதே வீட்டுக்குள் திறந்தன. இதனை அக்கலைஞர்களின் குறைபாடாக மாத்திரம் கொள்ளுதல் நியாயமாகாது. வாரந்தோறும் படம் கேட்ட சந்தையும், ஒழுக்கத்தை முதலீட்டின் காப்பாகக் கொண்ட துறையும், ஒருதாரக் குடும்பத்தை உற்பத்தியின் தேவையாக்கிய பொருளாதாரமும் அவர்களது எல்லையை வகுத்தன. அவ்வெல்லைக்குள் நின்று, ஒரு சொல்லும் பேசாமல், பொறாமை கொண்டவன் பொருதுவது வெறுமையோடு என்பதை அவர்கள் காட்டினர்.

சப்ளினின் கீஸ்ரோன் படங்கள் சீர்செய்யப்பட்டு 2010இல் மீள வெளிவந்துள்ளன. 'மைற்றி லைக் எ மூஸ்' 2007இல் அமெரிக்கத் தேசியத் திரைப்படப் பதிவேட்டிற் சேர்க்கப்பட்டது. இவற்றைப் பாதுகாக்கத்தக்க கலைப்பொருள்களாக ஏற்றதோடு பணி முடிந்துவிடாது. எதிரியைக் காணாமலே அடித்துக்கொண்டிருக்கும் அக்கணவன் பழைய படச்சுருளில் மட்டும் வாழ்பவனல்லன். அவனைக் கண்டு சிரிக்கும்போது நாம் எவருடைய நிலையில் நின்று சிரிக்கிறோம் என்று ஒவ்வொரு முறையும் வினவிக்கொள்வதே இப்படங்களைப் பொறுப்போடு பார்க்கும் முறையாகும்.